ஈரம் தின்னும் டிஸ்க்குகள்: பழைய கேம் மெஷின்களுக்கு ஹோம்ப்ரூ ஏன் தேவை

கோத்தகிரி, குன்னூர், கூடலூர் பக்கம் இன்னும் பிளேஸ்டேஷன் 2 வைத்திருப்பவர்களிடம் விசாரித்தால் பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும்: "ஆன் ஆகுதுங்க, டிஸ்க் போட்டா மட்டும் எடுக்க மாட்டேங்குது." மதர்போர்டு நன்றாக இருக்கும். கன்ட்ரோலர் வேலை செய்யும். டிவியில் தொடக்கத் திரையும் ஒழுங்காக வரும். அப்புறம் டிரைவ் கரகரவென்று சுழன்று, கொஞ்ச நேரம் தேடிப் பார்த்துவிட்டு, பிளேஸ்டேஷன் டிஸ்க்கைப் போடச் சொல்லும் சிவப்புத் திரையில் நின்றுவிடும். டிஸ்க் ஏற்கெனவே உள்ளேதான் இருக்கும்.

அந்த மெஷினில் பழுதானது பெரும்பாலும் லேசர் யூனிட் ஒன்றுதான். இல்லையென்றால் டிஸ்க்கில் கோளாறு. இந்த இரண்டையும் ஒதுக்கி வைத்துவிட்டு, கேமை வேறு வழியில் மெஷினுக்குள் கொண்டுபோக முடியுமானால் மெஷின் இன்னும் பல வருடம் ஓடும். அந்த வேலையைச் செய்வதுதான் ஹோம்ப்ரூ மென்பொருள்: கம்பெனியின் அனுமதியோ கையெழுத்தோ இல்லாமல் ஆர்வலர்கள் தாங்களே எழுதி, கன்சோலில் ஓட வைக்கும் நிரல்கள். இதைத் திருட்டு கேம் ஆடும் குறுக்கு வழியாகப் பார்ப்பது நம்மிடம் பழகிப்போன பார்வை. அந்தப் பார்வைக்குக் காரணம் உண்டு, அதற்குப் பிறகு வருகிறேன். ஆனால் இன்றைய நிலையில், அதுவும் நீலகிரி மாதிரி ஒரு இடத்தில், ஹோம்ப்ரூ முதலாவதாக ஒரு பராமரிப்பு வேலை என்பதுதான் என் கருத்து.

பிளேஸ்டேஷன் 2 ஜப்பானில் வெளியானது 2000 மார்ச் 4 அன்று. உலகம் முழுக்க 15 கோடிக்கு மேல் விற்றது. 2013 தொடக்கத்தோடு தயாரிப்பு நின்றது. 2018-ல் சோனி ஜப்பானிலேயே அதற்கான பழுதுபார்ப்புச் சேவையை மூடிவிட்டது. அதாவது, இனி இந்த மெஷினுக்கு லேசர் மாற்றித் தரும் கடமை உலகில் எந்தக் கம்பெனிக்கும் கிடையாது. ஆன்லைனில் கிடைப்பவை பெரும்பாலும் நகல் லென்ஸ்கள் அல்லது பழைய மெஷினிலிருந்து கழற்றியவை. அவற்றில் சில நன்றாக ஓடும், சில ஒரு மாதம்கூடத் தாங்காது.

மலை ஈரம் செய்கிற வேலை

நீலகிரியின் மேற்குப் பக்கமான கூடலூர், பந்தலூர், தேவாலா தென்மேற்குப் பருவமழையில் நனையும். கிழக்குச் சரிவில் இருக்கும் குன்னூரும் கோத்தகிரியும் வடகிழக்குப் பருவமழையில் நனையும். ஜூனில் ஒரு பக்கம் ஆரம்பித்தால் டிசம்பர் வரை மாவட்டத்தில் ஏதோ ஒரு மூலையில் துணி காயாமல் கிடக்கும். இடைப்பட்ட நாட்களில் மேகமே வீட்டுக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும். தோல் செருப்பு, பெல்ட், புத்தக அட்டை, சுவரின் மூலை எல்லாம் பூசணம் பிடிப்பது இங்கே யாருக்கும் செய்தி அல்ல. ஊட்டியில் சுற்றுலாப் பயணிகளைப் படமெடுத்துக் கொடுக்கும் போட்டோகிராபர்களைக் கேட்டுப் பாருங்கள், கேமரா லென்ஸுக்குள் வலை பின்னினாற்போல் படரும் பூஞ்சையைப் பற்றி விவரமாகச் சொல்வார்கள். கேமராவுக்கு சிலிக்கா ஜெல் பொட்டலம் வைக்கிற அதே வீட்டில், பிளேஸ்டேஷன் மட்டும் டிவி ஸ்டாண்டின் கீழ்த் தட்டில் சுவரை ஒட்டிச் சும்மா கிடக்கும்.

அந்த மெஷினுக்குள் இருப்பதும் ஒரு லென்ஸ்தான், மிளகை விடக் கொஞ்சம் பெரியது. அதன் வழியாக சிடிக்கு 780 நானோமீட்டர், டிவிடிக்கு 650 நானோமீட்டர் அலைநீளத்தில் ஒளி போகும். லென்ஸின் மேல் மெல்லிய புகைப்படலம் மாதிரி ஏதாவது படிந்தாலே திரும்பி வரும் ஒளி குறைந்துவிடும். முதலில் டிவிடி கேம்களோ சிடி கேம்களோ ஏதோ ஒரு வகை மட்டும் ஓடாமல் போகும். பிறகு இரண்டும் போகும். குளிரில் கிடந்த மெஷினை ஹீட்டர் போட்ட அறைக்குக் கொண்டுவந்து உடனே ஆன் செய்தால், லென்ஸில் பனி படிந்து அந்த நேரத்துக்கு மட்டும் எதையும் படிக்காது. அரைமணி நேரம் விட்டுப் போட்டால் சரியாகிவிடும். இதைத் தெரியாமல் லென்ஸ் போய்விட்டது என்று முடிவு கட்டியவர்கள் உண்டு.

டிஸ்க்கின் நிலை இன்னும் மோசம். சிடியில் தகவல் பதிந்த உலோகப் படலம், படம் அச்சிட்ட மேல் பக்கத்துக்குச் சற்றே கீழே, மெல்லிய வார்னிஷ் பூச்சுக்கு அடியில்தான் இருக்கிறது. நாம் கீறல் விழுந்துவிடுமோ என்று பயப்படுவது கீழ்ப் பக்கத்துக்கு. ஆனால் கீழே 1.2 மி.மீ. தடிமனுக்கு பாலிகார்பனேட் இருக்கிறது, ஓரளவு கீறலைத் தாங்கும். மேல் பூச்சு உரிந்தால்தான் கதை முடிந்தது. டிவிடி வேறு விதம்: 0.6 மி.மீ. தகடுகள் இரண்டு ஒட்டப்பட்டு, உலோகம் நடுவில் இருக்கும். அந்த ஒட்டு விளிம்பில் விட்டுப்போனால் ஈரம் உள்ளே நுழைந்து அலுமினியத்தை அரிக்கும். வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்த்தால் ஓரத்தில் புள்ளி புள்ளியாகவோ தேநீர் கறை மாதிரியோ தெரியும். அந்த டிஸ்க்கைத் தள்ளிப்போடாமல் காப்பி எடுத்துவிட வேண்டும்.

பூஞ்சை பிளாஸ்டிக்கைத் தின்னுமா என்று கேட்பவர்களுக்கு ஒரு தகவல். வெப்பமும் ஈரமும் நிறைந்த பெலீஸ் நாட்டிலிருந்து வந்த ஒரு சிடியை ஸ்பெயின் ஆய்வாளர்கள் பரிசோதித்து, ஜியோடிரிக்கம் வகைப் பூஞ்சை அதன் உலோகப் படலத்தையும் பாலிகார்பனேட்டையும் அரித்துப் பாதை போட்டிருப்பதை 2001-ல் வெளியிட்டார்கள். நம் மலையின் வெப்பநிலை வேறு, அதனால் அதே பூஞ்சைதான் இங்கேயும் என்று சொல்ல வரவில்லை. ஈரமான இடத்தில் டிஸ்க் நிரந்தரமல்ல என்பது மட்டும் நிச்சயம்.

இதில் இன்னொரு உண்மையையும் சொல்லியாக வேண்டும். 2000-களில் தமிழ்நாட்டின் வீடுகளிலும் கேம் சென்டர்களிலும் சுழன்ற பிஎஸ்2 டிஸ்க்குகளில் பெரும்பகுதி ஒரிஜினல் கிடையாது. மோட் சிப் (நகல் டிஸ்க்கையும் ஓட வைக்கும் சின்னச் சில்லு) வைத்த மெஷினும், கோயம்புத்தூரிலிருந்தோ சென்னையிலிருந்தோ வாங்கிவந்த நகல் டிவிடிகளும்தான் வழக்கம். அந்தப் பதிவு டிவிடிகளில் உலோகப் படலத்தோடு கூட ஒரு கரிமச் சாயமும் இருக்கும். எழுதும்போது அந்தச் சாயம்தான் கருகித் தகவலாகிறது. வெளிச்சமும் ஈரமும் பட்டால் அச்சிட்ட டிஸ்க்கை விட அது சீக்கிரம் மங்கும். மேலும், பதிவு டிஸ்க் திருப்பி அனுப்பும் ஒளி குறைவு. அதைப் படிக்க மெஷின் திணறித் திரும்பத் திரும்ப முயலும். லென்ஸ் அசெம்பிளிக்கு அதனால் கூடுதல் வேலை.

பூட்டு எங்கே இருக்கிறது

பிஎஸ்2 டிஸ்க்கில் உள்ள கேம் பூட்டப்பட்டது அல்ல. சாதாரண கம்ப்யூட்டர் டிவிடி டிரைவில் போட்டால் உள்ளே இருக்கும் கோப்புகளை நாமே பார்க்கலாம். ஒரு சின்ன உரைக் கோப்பு இருக்கும், சிஸ்டம்.சிஎன்எஃப் என்று பெயர். நோட்பேடில் திறந்தால் எந்தக் கோப்பை முதலில் ஓட்ட வேண்டும் என்று ஒரு வரி தெரியும். அதிலேயே அந்த கேமின் அடையாள எண்ணும் இருக்கும். நம் நாட்டில் புழங்கியவை பெரும்பாலும் ஐரோப்பியப் பதிப்புகள் என்பதால் அந்த எண் எஸ்எல்இஎஸ் அல்லது எஸ்சிஇஎஸ் என்று ஆரம்பிக்கும். ஆக, உள்ளே இருப்பதைக் காப்பி எடுக்க எந்தப் பூட்டையும் திறக்க வேண்டியதில்லை.

பூட்டு இருப்பது மெஷினின் பக்கம். "இது தொழிற்சாலையில் அச்சிட்ட டிஸ்க்தானா?" என்று கன்சோல் சோதிக்கும். அந்த அத்தாட்சி, சாதாரண பர்னர் (காலி டிஸ்க்கில் எழுதும் டிரைவ்) எழுத முடியாத இடத்தில் பதிந்திருக்கும். இந்த யோசனை அதற்கு முந்தைய பிளேஸ்டேஷனிலேயே தெளிவாகத் தெரியும். அதன் டிஸ்க்கின் உள்வட்டத்தில் டிராக் நேர்கோடாக ஓடாமல் மிக நுட்பமாக அலைந்து ஓடும். அந்த அலைவுக்குள் நான்கு எழுத்துகளைச் சங்கேதமாக வைத்திருந்தார்கள்: ஜப்பானுக்கு எஸ்சிஇஐ, அமெரிக்காவுக்கு எஸ்சிஇஏ, ஐரோப்பாவுக்கு எஸ்சிஇஇ. விற்பனைக்கு வரும் காலி சிடியில் லேசர் எந்தத் தடத்தில் போக வேண்டும் என்ற பள்ளம் முன்கூட்டியே போடப்பட்டிருக்கும். பர்னர் அந்தத் தடத்தில்தான் எழுதும், தடத்தையே அலைய வைக்க அதால் முடியாது. கேம் முழுவதும் காப்பியாகும், நான்கு எழுத்து மட்டும் வராது. மோட் சிப் என்று அன்றைக்கு சர்வீஸ் கடைகளில் சால்டர் வைத்துப் பொருத்திய சின்னச் சில்லு செய்ததெல்லாம், டிஸ்க்கிலிருந்து வர வேண்டிய அந்த நான்கு எழுத்தைத் தானே அனுப்பியதுதான். எனக்கு இது இன்றைக்கும் வியப்பைத் தரும் பொறியியல், பூட்டு போட்டவர்கள் பக்கமும் சரி, திறந்தவர்கள் பக்கமும் சரி.

சால்டர் வேலையில் ஆபத்து உண்டு. முடி மாதிரி மெல்லிய ஒயர்கள், தவறான இடத்தில் ஒட்டினால் போர்டு காலி. சால்டர் இல்லாமல், மெமரி கார்டை மட்டும் வைத்துச் செய்யும் எளிய வழி 2008-ல் வந்தது: ஃப்ரீ எம்சிபூட் என்ற ஹோம்ப்ரூ நிரல்.

மெமரி கார்டில் ஒரு வாசல்

பிஎஸ்2 ஆன் ஆனதும் அதன் பயோஸ் (மெஷினுக்குள்ளேயே இருக்கும் தொடக்க நிரல்) ஒரு காரியம் செய்யும்: மெமரி கார்டில் சிஸ்டம் அப்டேட் எதுவும் இருக்கிறதா என்று பார்க்கும். இருந்தால் முதலில் அதை ஓட்டும். பிற்பாடு மெஷினின் மென்பொருளைப் புதுப்பிக்க வேண்டியிருந்தால் என்று சோனியே வைத்த வசதி இது. ஃப்ரீ எம்சிபூட் அந்த இடத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறது. மெஷினைத் திறக்க வேண்டாம், எதையும் ஒட்ட வேண்டாம். கார்டைச் செருகி ஆன் செய்தால் மெனுவில் கூடுதலாகச் சில வரிகள் வரும். கார்டை எடுத்துவிட்டால் மெஷின் பழையபடி. இதனால்தான் இந்த வழியை எல்லோருக்கும் சிபாரிசு செய்கிறேன்: மெஷினில் நிரந்தரமாக எதுவும் மாறுவதில்லை.

ஒரு நுணுக்கம். இந்த அப்டேட் கோப்பு, மேஜிக்கேட் என்ற முறையில், அது எழுதப்பட்ட குறிப்பிட்ட கார்டோடு பிணைக்கப்பட்டிருக்கும். அதனால் நண்பரின் கார்டிலிருந்து கோப்புகளை அப்படியே உங்கள் கார்டுக்குக் காப்பி செய்தால் வேலை செய்யாது. அதற்கான இன்ஸ்டாலரை மெஷினிலேயே ஓட்டி, புதுக் கார்டில் நிறுவ வேண்டும். மேஜிக்கேட் இல்லாத மலிவு கார்டுகளில் நிறுவவே முடியாது. 64 எம்பி, 128 எம்பி என்று போட்டு விற்கும் நகல் கார்டுகளை விட, சோனியின் பழைய 8 எம்பி கார்டு ஒன்று தேடி வாங்குவது மேல்.

அந்த இன்ஸ்டாலரை முதல் முறை எப்படி ஓட்டுவது என்ற கேள்வி வரும். ஏற்கெனவே தயாரான கார்டு ஊரில் ஒருவரிடம் இருந்தால் போதும். அதைச் செருகி ஆன் செய்து, இன்னொரு ஸ்லாட்டில் இருக்கும் உங்கள் கார்டில் நிறுவிக்கொள்ளலாம். ஒருவரிடமிருந்து இன்னொருவர் என்று இப்படித்தான் பல ஊர்களில் பரவியது. தெரிந்தவர் யாரும் இல்லையென்றால் 2020 ஜூனில் வெளியான ஃப்ரீடிவிடிபூட் இருக்கிறது. பிஎஸ்2 சினிமா டிவிடியும் ஓட்டும் அல்லவா, சினிமா டிவிடிக்கு அந்தத் தொழிற்சாலை அத்தாட்சி தேவையில்லை. அதன் டிவிடி பிளேயர், டிஸ்க்கில் இருக்கும் ஒரு தகவல் கோப்பின் அளவைச் சரிபார்க்காமல் நினைவகத்துக்குள் வாசிக்கும் பிழை கண்டுபிடிக்கப்பட்டது. அந்தப் பிழைக்கு ஏற்றபடி தயாரித்த ஒரு சினிமா டிவிடியை சாதாரண காலி டிஸ்க்கில் எழுதிப் போட்டால், பிளேயர் தடுமாறி நம் நிரலை ஓட்டத் தொடங்கிவிடும். மெஷின் வெளியாகி இருபது வருடம் கழித்து வந்த கண்டுபிடிப்பு. லென்ஸ் கொஞ்சமாவது உயிரோடு இருக்க வேண்டும் என்பதுதான் இதில் சிக்கல். ஆகவே டிஸ்க் படிப்பது தடுமாற ஆரம்பித்த உடனேயே இந்த வேலையை முடித்துவிடுங்கள், முழுதாகப் போகும் வரை காத்திருக்க வேண்டாம்.

கடைசியாக வந்த 90000 வரிசை மெஷின்களில் சிலவற்றில் அந்த அப்டேட் வாசலை சோனி அடைத்துவிட்டது. அடியில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரில் தேதிக் குறியீடு 8சி அல்லது அதற்குப் பிந்தையது என்றால் ஃப்ரீ எம்சிபூட் நேரடியாக வேலை செய்யாமல் போக வாய்ப்புண்டு. அந்த மெஷின்களுக்கு ஓபன்டூனா என்ற வேறு வழி இருக்கிறது. அது மெமரி கார்டு பிரவுசர் ஐகான் வரையும் பகுதியில் உள்ள ஓட்டையைப் பயன்படுத்துகிறது.

கேம் எங்கிருந்து வருகிறது

வாசல் திறந்தாகிவிட்டது. கேமை ஏற்றும் வேலை ஓபன் பிஎஸ்2 லோடர் என்ற நிரலுடையது. யாரும் படித்துத் திருத்தக்கூடிய திறந்த மூல நிரல். டிஸ்க் டிரைவிடம் கேம் கேட்கும் ஒவ்வொரு கோரிக்கையையும் இது இடையில் பிடித்து, பென் டிரைவிலோ ஹார்ட் டிஸ்க்கிலோ நெட்வொர்க்கிலோ இருக்கும் ஐஎஸ்ஓ கோப்பிலிருந்து (டிஸ்க் முழுவதையும் ஒரே கோப்பாக எடுத்த நகல்) எடுத்துக் கொடுக்கும். கேமைப் பொறுத்தவரை அது டிஸ்க்கைத்தான் படித்துக்கொண்டிருக்கிறது. எல்லா கேமும் ஒரே மாதிரி நடந்துகொள்வதில்லை, ஒவ்வொன்றுக்கும் லோடரில் இருக்கும் சில அமைப்புகளை மாற்றிப் பார்க்க வேண்டிவரும்.

பென் டிரைவ்தான் எல்லோரும் முதலில் எடுக்கும் வழி. குறையும் அதில்தான் அதிகம். பிஎஸ்2-வில் இருப்பது யூஎஸ்பி 1.1. விநாடிக்கு 12 மெகாபிட், அதாவது கணக்குப்படி ஒன்றரை மெகாபைட், நடைமுறையில் அதற்கும் குறைவு. டிவிடி டிரைவோ 4 மடங்கு வேகத்தில் விநாடிக்கு 5 மெகாபைட்டுக்கு மேல் கொடுக்கும். அதனால் ஆட்டம் ஓடும், ஆனால் இடையில் வரும் வீடியோ காட்சிகள் திக்கித் திக்கி வரும், சில இடங்களில் பாட்டு நின்று நின்று ஒலிக்கும். எத்தனை விலை கொடுத்து நல்ல பென் டிரைவ் வாங்கினாலும் இது மாறாது, ஏனென்றால் நெரிசல் மெஷினின் பக்கம். இன்னொன்று, டிரைவை ஃபார்மட் செய்யும் எஃப்ஏடி32 முறையில் ஒரு கோப்பு 4 ஜிபியைத் தாண்ட முடியாது. பெரிய கேம்களைத் துண்டு போட வேண்டியிருந்தது. லோடரின் புதிய பதிப்புகள் எக்ஸ்ஃபேட் முறையையும் படிப்பதால் அந்தத் தொல்லை தீர்ந்தது. கோப்பு டிரைவில் சிதறாமல் ஒரே தொடர்ச்சியாக இருப்பது நல்லது. பழைய கோப்புகளை அழித்து அழித்து ஏற்றுவதை விட, டிரைவை ஃபார்மட் செய்துவிட்டு ஒவ்வொன்றாக ஏற்றுங்கள்.

எனக்குப் பிடித்த வழி லேன் கேபிள். ஸ்லிம் மாடலில் நெட்வொர்க் போர்ட் உள்ளேயே இருக்கிறது. பழைய லேப்டாப்பையும் பிஎஸ்2-வையும் ஒரு கேபிளில் இணைத்து, லேப்டாப்பில் ஒரு ஃபோல்டரைப் பகிர்ந்தால் போதும். இதற்கு இன்டர்நெட் வேண்டாம். காற்றில் மரம் விழுந்து ஃபைபர் அறுந்து, பஜார் முழுக்க நெட் இல்லாமல் கிடக்கும் மழை நாளிலும் கரன்ட் இருந்தால் இது ஓடும். யூஎஸ்பியை விட வேகமும் கூடுதல். ஃபோல்டரைப் பகிரும் முறையான எஸ்எம்பி-யில் பிஎஸ்2 பேசுவது முதல் பதிப்பு மட்டும், பாதுகாப்புக் குறைவு என்று புதிய விண்டோஸில் அதை அணைத்து வைத்திருப்பார்கள். ஆகவே வங்கிக் கணக்கு பார்க்கும் லேப்டாப்பில் அதைத் திறந்து வைக்காதீர்கள், இதற்கென்று ஒரு பழைய கம்ப்யூட்டர் இருந்தால் அதில் செய்யுங்கள். பெரிய உடம்புக்கார பழைய மாடலில் நெட்வொர்க் அடாப்டர் வாங்கிப் பொருத்தினால், உள்ளேயே ஹார்ட் டிஸ்க் வைக்கலாம். எல்லாவற்றிலும் சிறந்தது அதுதான், ஆனால் அந்த அடாப்டர் இப்போது லேசில் கிடைப்பதில்லை. மெமரி கார்டு ஸ்லாட்டில் எஸ்டி கார்டு செருகும் அடாப்டர் ஒன்றும் வந்திருக்கிறது.

டிஸ்க்கைக் காப்பி எடுக்கும் வேலைக்கு வருவோம். ஜனவரியிலிருந்து மார்ச் வரை, காலையில் உறைபனி விழுந்தாலும் பகலில் வெயில் காயும் நாட்கள்தான் இதற்குத் தோது. பூசணம் பிடித்த டிஸ்க்கை மிதமான சோப்புத் தண்ணீரில் அலசி, மெல்லிய துணியால் நடுவிலிருந்து விளிம்பை நோக்கித் துடைக்க வேண்டும். வட்டமாகத் துடைக்கக் கூடாது. வட்டக் கீறல் டிராக்கோடு சேர்ந்தே ஓடும் என்பதால் லேசர் அதிலிருந்து மீள முடியாது. வெயிலில் காய வைக்காமல் நிழலில் உலர விடுங்கள். பிறகு கம்ப்யூட்டரில் ஐஎஸ்ஓவாக எடுத்து, அந்தக் கோப்பின் செக்சம் எண்ணை, அதாவது உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு எண்ணை, ரீடம்ப் பட்டியலோடு ஒப்பிட்டுப் பாருங்கள். உலகெங்கும் உள்ள ஆர்வலர்கள் ஒரிஜினல் டிஸ்க்குகளைப் படித்து, ஒவ்வொன்றுக்கும் சரியான எண் என்ன என்று தொகுத்து வைத்த பட்டியல் அது. எண் பொருந்தினால் உங்கள் காப்பியில் ஒரு பிட் கூடப் பிசகவில்லை என்று அர்த்தம். பொருந்தாவிட்டால் மறுபடி துடைத்து, வேறு டிரைவில் முயன்று பார்க்கலாம். டிரைவுக்கு டிரைவு படிக்கும் திறன் மாறும்.

மற்ற மெஷின்களில் கதை இவ்வளவு சுலபம் இல்லை. சோனியின் கையடக்க மெஷினான பிஎஸ்பியின் சிறிய யூஎம்டி டிஸ்க்கைப் படிக்கும் டிரைவ் கம்ப்யூட்டருக்கென்று விற்பனைக்கு வந்ததே கிடையாது. சொந்தமாக வாங்கிய யூஎம்டியைக் காப்பி எடுக்க ஒரே வழி, பிஎஸ்பியில் கஸ்டம் ஃபர்ம்வேர் (ஆர்வலர்கள் மாற்றி எழுதிய அடிப்படை மென்பொருள்) ஏற்றி, யூஎஸ்பி கேபிள் வழியாக அந்த டிஸ்க்கையே கம்ப்யூட்டருக்குக் காட்ட வைப்பதுதான். அதாவது இங்கே ஹோம்ப்ரூ இல்லாமல் பேக்கப்பே இல்லை. பிஎஸ்பியின் வரலாற்றில் 2007-ல் வந்த பண்டோரா பேட்டரி தனி அழகு: பேட்டரிக்குள் இருக்கும் சின்னச் சில்லில் வரிசை எண்ணை மாற்றிவிட்டால், மெஷின் தன்னை சர்வீஸ் சென்டரில் இருப்பதாக நினைத்து மெமரி ஸ்டிக்கிலிருந்து பூட் ஆகும். செத்துப்போன பிஎஸ்பிகளைக்கூட அது எழுப்பியது. நின்டெண்டோ வீயும் அப்படித்தான், அதன் டிஸ்க்கை மிகச் சில கம்ப்யூட்டர் டிரைவ்களைத் தவிர மற்றவை படிக்காது. 2008-ல் செல்டா கேமின் சேவ் கோப்பில் குதிரைக்கு அளவுக்கு மீறிய நீளத்தில் பெயர் வைத்து அந்த மெஷினைத் திறந்தார்கள்.

சட்டம் என்ன சொல்கிறது

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957, இந்த விஷயத்தில் பலரும் நினைப்பதை விட நியாயமானது. பிரிவு 52(1)(ஏஏ), கணினி நிரல் ஒன்றைச் சட்டப்படி வைத்திருப்பவர், அது தொலைந்தாலோ அழிந்தாலோ சேதமானாலோ உதவட்டும் என்று பேக்கப் எடுத்துக்கொள்வதைப் பதிப்புரிமை மீறலாகக் கருதுவதில்லை. 52(1)(ஏடி), சொந்தமாகச் சட்டப்படி பெற்ற பிரதியிலிருந்து வணிக நோக்கமில்லாத சொந்தப் பயன்பாட்டுக்குக் காப்பி எடுப்பதை அனுமதிக்கிறது. 2012 திருத்தத்தில் வந்த 65ஏ, தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதைக் குற்றமாக்குகிறது, இரண்டு வருடம் வரை சிறை. ஆனால் அதில் "உரிமைகளை மீறும் நோக்கத்தோடு" என்ற நிபந்தனை இருக்கிறது. அமெரிக்காவின் 1998 சட்டத்தில், பூட்டை உடைப்பதே பொதுவாகத் தவறு, விதிவிலக்குகளைத் தனித்தனியாகக் கேட்டு வாங்க வேண்டும். நம் சட்டம் நோக்கத்தைப் பார்க்கிறது. கேமில் நிரலோடு இசையும் படமும் சேர்ந்தே இருப்பதால் இந்த விலக்குகள் எதுவரை நீளும் என்று வாதிட இடம் உண்டு என்பதையும் மறைக்கக் கூடாது.

எதில் சந்தேகமே இல்லை என்றால், டிஸ்க் எதுவும் சொந்தமாக இல்லாமல் டவுன்லோடு செய்த கேமும், நூற்றுக்கணக்கில் கேம் ஏற்றி விற்கும் ஹார்ட் டிஸ்க்கும் பேக்கப் அல்ல. பிரிவு 63பி, நகல் என்று தெரிந்தே கணினி நிரலைப் பயன்படுத்துவதற்கு 7 நாள் முதல் 3 வருடம் வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதமும் வைத்திருக்கிறது. லாபத்துக்காக அல்ல என்றால் நீதிமன்றம் சிறையைத் தவிர்க்கலாம். அன்றைக்கு ஐம்பதுக்கும் நூறுக்கும் வாங்கிய நகல் டிவிடியை இன்று ஐஎஸ்ஓவாக மாற்றினால் அது சட்டப்படி சுத்தமாகிவிடாது. ஒரிஜினல் வேண்டுமென்றால் செகண்ட் ஹேண்டில் இன்னும் கிடைக்கிறது. கீறல் விழுந்த டிஸ்க் என்றால் விலையும் குறைவு, ஒரு முறை முழுதாகக் காப்பியானாலே நமக்குப் போதும்.

இவ்வளவு சொல்வதற்குக் காரணம், இந்த கேம்களில் பெரும்பாலானவற்றை இன்று கடையில் காசு கொடுத்தும் வாங்க முடியாது என்பதுதான். அமெரிக்காவில் 2010-க்கு முன் வெளியான பழைய கேம்களில் 87 சதவீதம் விற்பனையில் இல்லை என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023-ல் வெளியிட்ட ஆய்வு சொன்னது. பெரிய பெயர்கள் மறுவெளியீடாக வரும். 2009-ல் ஹைதராபாத்தில் உருவாகி வெளியான 'ஹனுமான்: பாய் வாரியர்' மாதிரி பிஎஸ்2 கேமுக்கு அந்த யோகம் எளிதில் வாய்க்காது. நம் நாட்டில் கன்சோல் கேம் செய்யத் தொடங்கிய காலத்தின் சாட்சிகள் அவை. அந்த டிஸ்க் உங்கள் வீட்டு அலமாரியில் கிடந்தால், விளையாட ஆசை இல்லாவிட்டாலும் காப்பி எடுத்து வைத்துவிட்டு ஒரிஜினலை சிலிக்கா ஜெல்லோடு காற்றுப் புகாத டப்பாவில் போட்டு வையுங்கள்.

டிஸ்க்கை விட முக்கியமான ஒன்றை எல்லோரும் மறந்துவிடுகிறார்கள், மெமரி கார்டு. டிஸ்க்கில் இருந்தது உலகம் முழுக்க லட்சக்கணக்கில் அச்சானது. கார்டில் இருக்கும் சேவ், அந்த வீட்டில் இருந்தவர்கள் ஆடியது. மழை லீவில் அண்ணனும் தம்பியும் மாற்றி மாற்றி ஆடிச் சேர்த்த கிரிக்கெட் டூர்னமென்ட் வேறு எங்கும் கிடைக்காது. ஃப்ரீ எம்சிபூட் மெனுவிலிருந்து யூலாஞ்ச்எல்ஃப் என்ற கோப்பு மேலாளரைத் திறந்து, கார்டில் உள்ள ஃபோல்டரைத் தேர்ந்தெடுத்து, ஒட்டும்போது பிஎஸ்யூ கோப்பாக ஒட்டும் வகையைத் தேர்வு செய்து பென் டிரைவில் போட்டால் ஒரு சேவ் ஒரே கோப்பாக வந்துவிடும். அதே கோப்பைப் பிற்பாடு வேறு கார்டிலும் ஏற்றலாம், கம்ப்யூட்டரை பிஎஸ்2 போல நடந்துகொள்ள வைக்கும் எமுலேட்டரிலும் ஏற்றலாம். 8 எம்பி கார்டு முழுவதையும் எடுத்தாலும் இன்றைய போனில் நாலைந்து போட்டோ அளவுதான் வரும். கார்டின் தொடர்புமுனைகள் பச்சை பூத்திருந்தால் ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் தொட்ட பஞ்சால் துடைத்துக் காய வைத்துவிட்டுச் செருகுங்கள். கேம்களைக் காப்பி எடுக்க ஆரம்பிப்பதற்கு முன்பே இதை முடித்துவிடலாம்.